தருமபுரி, கிருஷ்ணகிரியிலிருந்து ரயிலில் ஒரு நாள் சுற்றுலா: மைசூரா, பெங்களூரா, சென்னையா?

பிள்ளைகளுக்கு லீவு விட்டதும் நம் பக்கத்து வீடுகளில் இந்தப் பேச்சு கிளம்பிவிடும். ரூம் போடாமல், ஒரே நாளில் ஏதாவது ஊரைப் பார்த்துவிட்டு வர வேண்டும். அதுவும் ரயிலில் போக வேண்டும். உடனே எல்லாரும் கேட்பது, "எந்த வண்டி சீக்கிரம் போகும்?" என்பதுதான். நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. இறங்கிய ஊரில் கையில் எத்தனை மணி நேரம் மிஞ்சும், அந்த ஊர் அழகாக இருக்கும் வேளை அந்த நேரத்துக்குள் வருமா, இந்த இரண்டையும்தான் முதலில் பார்ப்பேன்.

வேகத்தை மட்டும் பார்த்தால் என்ன ஆகும் என்பதற்கு நம் ஸ்டேஷனிலேயே உதாரணம் இருக்கிறது. கோவை–பெங்களூரு வந்தே பாரத் தருமபுரியில் நிற்கிறது, ஓசூரிலும் நிற்கிறது. இந்தப் பாதையில் அதைவிட வேகமான வண்டி கிடையாது. ஆனால் அது பெங்களூரு கன்டோன்மென்ட் போய்ச் சேருவது மதியச் சாப்பாட்டு நேரத்துக்குப் பிறகு. கொஞ்ச நேரத்திலேயே அதே வண்டி கோவைக்குத் திரும்பிவிடுகிறது. உறவினர் வீட்டுக்குப் போகிறவர்களுக்கு அருமையான வண்டிதான். ஊர் சுற்றப் போகிறவர்களுக்கு அதில் வேலையில்லை.

சரி, முதலில் பெங்களூரு. பக்கத்து ஊர் என்பதால் எல்லாருடைய முதல் யோசனையும் அதுதான். தருமபுரியிலிருந்து பாலக்கோடு, மாரண்டஅள்ளி, இராயக்கோட்டை, கெலமங்கலம், ஓசூர் என்று போகும் இந்தப் பாதை கண்ணுக்கு இதமானது. பாறைக் குன்றுகளும் தக்காளித் தோட்டங்களுமாக வரும். ஆனால் ஓசூர் வரைக்கும் ஒற்றைப் பாதை. எதிரே வண்டி வந்தால் நடுவில் ஏதாவது ஒரு ஸ்டேஷனில் ஒதுங்கி நிற்க வேண்டியதுதான். பஸ்ஸில் நான்குவழிச் சாலையில் போகிற நேரத்தைவிட ரயில் ஒன்றும் பெரிதாக மிச்சப்படுத்தாது.

இன்னொரு விஷயம், வண்டி பெங்களூருவில் எந்த ஸ்டேஷனுக்குப் போகிறது என்பது. மெஜஸ்டிக் பக்கத்தில் இருக்கும் கே.எஸ்.ஆர். ஸ்டேஷனில் இறங்கினால் வாசலிலேயே மெட்ரோ. யஷ்வந்த்பூரிலும் மெட்ரோ உண்டு. பையப்பனஹள்ளி பக்கத்துப் புது முனையமான எஸ்.எம்.வி.டி.யில் இறங்கினால் மெட்ரோவுக்குப் போகவே ஆட்டோவோ பஸ்ஸோ பிடிக்க வேண்டும். பெரிய, ஏசி போட்ட, சுத்தமான ஸ்டேஷன்தான்; ஆனால் ஊரின் நடுவே போக வேண்டியவர்களுக்கு அங்கேயே ஒரு மணி நேரம் கரைந்துவிடும். டிக்கெட் போடும்போது 'பெங்களூரு' என்ற பெயரை மட்டும் பார்க்காமல் எந்த ஸ்டேஷன் என்று பார்ப்பது அவசியம்.

அதனால் பெங்களூரு என்றால் நான் ரயிலை விட்டுவிடச் சொல்வேன். 2025 ஆகஸ்டில் மெட்ரோவின் மஞ்சள் தடம் பொம்மசந்திரா வரைக்கும் வந்துவிட்டது. ஓசூர் சாலையில் நம் பஸ்கள் போகிற வழியிலேயே பொம்மசந்திரா இருக்கிறது. அங்கே இறங்கி மெட்ரோ ஏறி, ஆர்.வி. ரோடில் பச்சைத் தடத்துக்கு மாறினால் மூன்றாவது ஸ்டேஷன் லால்பாக். சில்க் போர்டு சந்திப்பு நெரிசலில் பஸ்ஸுக்குள் வேர்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்த காலத்தை நினைத்தால் இது எவ்வளவு பெரிய மாற்றம்! ஹைதர் அலி 1760-ல் தொடங்கிய அந்தத் தோட்டத்தில் 1889-ல் அடிக்கல் நாட்டிய கண்ணாடி மாளிகையையும், நடுவில் குன்றாக எழுந்து நிற்கும் பழம்பாறையையும் பார்த்துவிட்டு, அப்புறம் கப்பன் பூங்கா, விதான சௌதா, விஸ்வேஸ்வரய்யா அருங்காட்சியகம் என்று மெட்ரோவிலேயே முடித்துவிடலாம். பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகளுக்கு அந்த அருங்காட்சியகம் ஒன்றுக்காகவே போகலாம். எந்திரங்களைத் தொட்டு, இயக்கிப் பார்க்க விடுகிறார்கள். வெயில் அவ்வளவாகச் சுடாத ஊர் என்பதால் நண்பகலிலும் நடக்கலாம். குறை என்றால், இது ரயில் பயணம் ஆகாது. ஜன்னலோரம் உட்கார்ந்து கட்டுச்சோறு பிரிக்கிற சுகம் வேண்டும் என்று கேட்கிற வீட்டுக்கு இது போதாது.

அந்தச் சுகம் கேட்கிறவர்களுக்கு மைசூருதான். தூரம் அதிகம் என்று பலரும் இதைக் கணக்கிலேயே எடுப்பதில்லை. ஆனால் தருமபுரிக்காரர்களுக்கும் ஓசூர் பக்கத்தவர்களுக்கும் ஒரு நாள் பயணத்துக்கென்றே அமைந்தது போல ஒரு வண்டி இருக்கிறது: தூத்துக்குடி–மைசூரு எக்ஸ்பிரஸ். முந்தின நாள் மாலையில் தூத்துக்குடியில் கிளம்பி, நம் ஊருக்கு விடிவதற்கு முன்பே வந்துவிடும். ஓசூரில் அதற்கு ஒன்றரை மணி நேரம் கழித்து ஏறலாம். மைசூருவில் இறங்குவது காலை பத்து மணியை ஒட்டி. அரண்மனை திறப்பதும் பத்து மணிக்கு. அதே வண்டி மாலை ஆறு மணிக்கு மேல் மைசூருவிலிருந்து கிளம்பி, நள்ளிரவை ஒட்டி நம்மை இறக்கிவிடும். ஏறக்குறைய எட்டு மணி நேரம் கையில். அட்டவணையில் சில நிமிடங்கள் அவ்வப்போது மாறும், ஆகவே டிக்கெட் போடும் முன் ஒரு முறை பார்த்துக்கொள்ளுங்கள். கடலூர் பக்கம் போகும் இன்னொரு மைசூரு வண்டியும் நம் வழியாகத்தான் வருகிறது. ஆனால் திரும்பும்போது அது பிற்பகலிலேயே கிளம்பிவிடும். திரும்புவதற்கு அதைப் போட்டால் இரண்டு மணி நேரம் போச்சு.

இந்தப் பயணத்தில் வழியும் பார்க்க வேண்டியதுதான். பெங்களூரு வரைக்கும் தூங்கிக்கொள்ளலாம். அங்கே பாதிப் பெட்டி காலியாகிவிடும், ஜன்னல் நமக்கு. ராமநகரப் பாறைக் குன்றுகள், மர பொம்மைக்குப் பேர்போன சென்னபட்டணா, வண்டிக்குள்ளேயே சூடாக விற்றுவரும் மத்தூர் வடை, மண்டியாவின் கரும்புக் காடு, கடைசியில் ஸ்ரீரங்கப்பட்டணம். அங்கே ரயில் காவிரியைத் தாண்டித் தீவுக்குள் நுழைந்து, மறுபடி காவிரியைத் தாண்டி வெளியே வரும். ஒகேனக்கல்லில் நாம் பார்க்கிற அதே ஆறு, நமக்கு வந்து சேரும் முன் எப்படி ஓடுகிறது என்று பிள்ளைகளுக்குக் காட்ட இதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியாது.

இறங்கியதும் நேராக அரண்மனைக்குள் நுழையாதீர்கள். எல்லாச் சுற்றுலா பஸ்ஸும் அந்த நேரத்தில் அங்கேதான் நிற்கும். முதலில் டவுன் பஸ்ஸில் சாமுண்டி மலைக்குப் போய் வந்துவிடுங்கள். மதியம் நடை சாத்திவிடுவார்கள். இறங்கும்போது முட்டி வலி இல்லாதவர்கள் படி வழியாக நந்தி வரைக்குமாவது நடக்கலாம். ஒரே கல்லில் செதுக்கிய அந்தப் பெரிய நந்தியை பஸ் ஜன்னலில் இருந்து பார்ப்பது போதவே போதாது. சாப்பிட்டுவிட்டு அரண்மனை. பழைய மர அரண்மனை 1897-ல் ஓர் அரச குடும்பத்துக் கல்யாணத்தின்போது தீயில் போய்விட, ஹென்றி இர்வின் வரைந்த திட்டப்படி இப்போதுள்ளது 1912-ல் கட்டி முடிந்தது. கல்யாண மண்டபத்தில் தலையைத் தூக்கி மயில் வரைந்த வண்ணக் கண்ணாடிக் கூரையைப் பாருங்கள். கூட்டம் தள்ளினாலும் நின்று பாருங்கள். அப்புறம் தேவராஜ மார்க்கெட், அங்கிருந்து ஸ்டேஷன் நடக்கிற தூரம்தான். சின்னப் பிள்ளைகள் இருந்தால் மலையை விட்டுவிட்டு மிருகக்காட்சிசாலை. 1892-ல் தொடங்கியது, நன்றாகப் பராமரிக்கிறார்கள், ஆனால் மூன்று மணி நேரம் பிடிக்கும். செவ்வாய்க்கிழமை விடுமுறை. மலை, மிருகக்காட்சிசாலை, அரண்மனை மூன்றையும் ஒரே நாளில் திணித்தால் எதுவும் மனதில் நிற்காது.

மைசூருவுக்கு ஒரு பெரிய குறை உண்டு, அதை மறைக்கக் கூடாது. ஞாயிறுகளிலும் அரசு விடுமுறை நாட்களிலும் மாலை ஏழு மணிக்கு மேல் அரண்மனையில் ஏறக்குறைய ஒரு லட்சம் விளக்குகள் எரியும். நம் வண்டி அதற்கு முன்பே கிளம்பிவிடும். விளக்குக்காக நின்றுவிட்டு பஸ் மாறி மாறி வந்தால் விடியற்காலையில் தூக்கம் கெட்டு வீடு வந்து சேர வேண்டும். குடும்பத்தோடு போகிறவர்களுக்கு நான் அதைச் சொல்ல மாட்டேன். விளக்கு வேண்டுமென்றால் ஓர் இரவு தங்குவதுதான் வழி. பிருந்தாவனம் தோட்டமும் அப்படித்தான். இரவு நீரூற்றைப் பார்க்காமல் அவ்வளவு தூரம் போவதில் பொருளில்லை.

சென்னைக்கு வருவோம். இதில் கிருஷ்ணகிரிக்காரர்களுக்கும் தருமபுரிக்காரர்களுக்கும் வழி வேறு வேறு. கிருஷ்ணகிரியில் ரயிலே கிடையாது. 1905-லேயே திருப்பத்தூரிலிருந்து கிருஷ்ணகிரிக்குக் குறுகிய ரயில் பாதை ஓடியது, மறுவருஷம் மொரப்பூரிலிருந்து தருமபுரிக்கும் வந்தது, இரண்டையும் பிடுங்கிவிட்டார்கள். மாவட்டத் தலைநகருக்கு நூறு வருஷத்துக்கு முன் இருந்த ரயில் இன்று இல்லை என்பது எனக்கு இன்னும் ஆறாத மனக்குறை. ஆகவே கிருஷ்ணகிரிக்காரர்கள் ஜோலார்பேட்டைக்குத்தான் போக வேண்டும். அங்கிருந்து ஏலகிரி எக்ஸ்பிரஸ் விடியற்காலை ஐந்து மணி வாக்கில் கிளம்பி, ஆபீஸ் நேரத்துக்கு சென்ட்ரல் போய்விடும்; மாலை ஆறு மணி வாக்கில் சென்ட்ரலில் ஏறினால் இரவு பத்து மணியளவில் ஜோலார்பேட்டை. அந்த நேரத்தில் கிருஷ்ணகிரிக்கு பஸ் பிடிப்பதைவிட, காலையில் டூவீலரை ஸ்டேஷன் ஸ்டாண்டில் விட்டுப் போவது நிம்மதி.

எட்டு மணி நேரம் இங்கேயும் கிடைக்கிறது. ஆனால் கிடைக்கிற நேரம் எது என்று பாருங்கள்: சென்னையின் காலை ஒன்பது முதல் மாலை ஐந்து வரை. மெரினாவில் மணல் சுடும். கபாலீஸ்வரர் கோயில் நடை மதியம் சாத்தியிருக்கும். கடற்காற்று வீசத் தொடங்கும்போது நாம் சென்ட்ரலுக்கு ஓடிக்கொண்டிருப்போம். இந்த வண்டியில் போகிறவர்களுக்கு நான் சொல்லும் ஒரே இடம் எழும்பூர் அருங்காட்சியகம், 1851-ல் தொடங்கியது. அங்குள்ள சோழர் செப்புத் திருமேனிகளுக்கு, முக்கியமாகத் திருவாலங்காட்டு நடராசருக்கு, அரை நாளைத் தாராளமாகக் கொடுக்கலாம். வெள்ளிக்கிழமை போகாதீர்கள், அன்று விடுமுறை.

தருமபுரிக்காரர்களுக்கு மொரப்பூர் இருக்கிறது. இரவு ஏற்காடு எக்ஸ்பிரஸில் ஏறினால் விடிவதற்கு முன்பே சென்னை. திரும்புவதும் அதே வண்டி, இரவு பதினொரு மணி வாக்கில். இரண்டு இரவும் பெர்த்தில் போய்விடும், ஆனால் சென்னையின் முழுப் பகலும் சாயங்காலமும் நமக்கு. காலையில் கடற்கரையில் சூரியோதயம், மயிலாப்பூரில் காலைத் தரிசனம், வெயில் நேரத்தில் அருங்காட்சியகம், மாலையில் மறுபடி மெரினா. கல்லூரிப் பிள்ளைகளுக்கு இதைவிட நல்ல ஏற்பாடு இல்லை. பாட்டி தாத்தாவை இப்படி இழுத்துக்கொண்டு போகாதீர்கள். குளித்து உடை மாற்றக்கூட இடம் தேட வேண்டும்.

கோவை பற்றிக் கேட்பீர்கள். காலையில் எர்ணாகுளம் இன்டர்சிட்டியில் ஏறினால் கோவை சேர மதியம் ஆகிவிடும். பெங்களூரு திரும்பும் இன்டர்சிட்டியும் ஏறக்குறைய அதே நேரத்தில்தான் கோவையைத் தாண்டும். ஆகவே இதை விட்டுவிடலாம்.

எனக்கு மைசூருதான் முதலிடம், தூரம் அதிகமாக இருந்தும். அது குடும்பமாகப் போகிறவர்களுக்கு. போகிறவர்கள் டிக்கெட்டில் இரண்டு விஷயம் கவனிக்க வேண்டும். முன்பதிவு 60 நாட்களுக்கு முன் திறக்கிறது, லீவு நாட்களுக்கு அன்றே போட்டுவிடுங்கள். அந்த நேரத்தில் அன்ரிசர்வ்டு பெட்டியில் கால் வைக்க இடம் இருக்காது. அப்புறம் தேதி. வண்டி தூத்துக்குடியில் கிளம்புவது முந்தின நாள், நம் ஊருக்கு வருவது நள்ளிரவு தாண்டி. சனிக்கிழமை மைசூருவில் இருக்க வேண்டுமென்றால் தருமபுரியில் ஏறும் தேதியாகச் சனிக்கிழமையைத்தான் போட வேண்டும், ஸ்டேஷனுக்குக் கிளம்புவது வெள்ளிக்கிழமை ராத்திரித் தூக்கத்தின் நடுவில்.