உவர்மலை வீட்டில் 1942: ஒரு கலையமைப்புக் குழுவின் சேவை பற்றி

1942 ஏப்ரல் 9ஆம் திகதி யப்பானிய விமானங்கள் திருகோணமலைத் துறைமுகத்தையும் சீனக்குடா விமானத்தளத்தையும் தாக்கியபோது ஊரைவிட்டு வெளியேறிய ஒரு குடும்பத்தைப் பற்றி நாங்கள் எடுத்த குறும்படத்துக்கு, இங்குள்ள மூவர் கொண்ட கலையமைப்புக் குழு ஒன்றை அமர்த்தியிருந்தோம். படத்தின் தோற்றம் முழுவதையும் தீர்மானிக்கும் புரொடக்‌ஷன் டிசைனர் வேறு, அதைக் கட்டித் தரும் கலை இயக்குநர் வேறு என்பார்கள்; எங்கள் அளவிலான படங்களில் இரண்டும் ஒருவரே, தூரிகை பிடிப்பவரும் அவரே.

திருகோணமலை நகரின் உவர்மலையில் பெரியம்மாவின் பழைய வீட்டைப் பார்க்க வந்த அவர், சுவர்களைப் பற்றிப் பேசுமுன் வாசலுக்கு வெளியே கடைப்பலகை தெரியுமா என்று கேட்டார். ‘திருகோணமலை’ என்று கணினி எழுத்துருவில் நாங்கள் அச்சிட்டு வைத்திருந்த பலகையை ஒதுக்கிவிட்டு, துதிக்கை போல வளைந்த பழைய ‘லை’யைக் கையால் எழுதினார். இன்றைய வடிவம் 1978இல் தமிழ்நாட்டில் வந்த எழுத்துச் சீர்திருத்தத்துக்குப் பிறகே பொதுவழக்காகியது. நாட்காட்டியிலும் நாங்கள் பிழைவிட்டிருந்தோம். ‘சித்திரபானு வருடம்’ என்று போட்டிருந்ததை, தாக்குதல் நடந்தது சித்திரைப் புத்தாண்டுக்குச் சில நாட்கள் முன்பு, ஆகவே அது இன்னும் ‘விசு’ வருடப் பங்குனிதான் என்று பஞ்சாங்கத்தைக் காட்டித் திருத்தினார். திரையில் இரண்டு விநாடிகூட நிற்காத பொருட்கள் இவை. ஆனால் படத்தைப் பார்த்த பெரியப்பா முதலில் பேசியதே அந்த ‘லை’யைப் பற்றித்தான்.

புதிய வேட்டிகளையும் திரைச்சீலைகளையும் பழசாகக் காட்ட, கடும் சாயத்தண்ணியில், அதாவது பால் சேர்க்காத தேநீரில், ஊறவைத்து வெயிலில் காயப்போட்டார்கள். கதவின் தாழ்ப்பாளைச் சுற்றிக் கைபட்ட அழுக்கையும், சாய்வு நாற்காலிக்குப் பின்னால் எண்ணெய்த் தலை பட்ட கறையையும் பழுப்பு வண்ணத்தைத் தண்ணீராகக் கரைத்து ஒற்றி ஒற்றிக் கொண்டுவந்தார்கள். அந்தக் கறையைப் பார்த்தால் அங்கே ஒரு தாத்தா இருந்து எழுந்து போனது போலவே இருந்தது.

குறைகளும் உண்டு. மார்கழி மழைக்காலத்தில் சுவர் வண்ணம் காய எவ்வளவு நேரம் எடுக்கும் என்பதை உள்ளூர்க்காரர்களான அவர்களே கணக்கிடாததால், ஈரச்சுவரைப் பார்த்துக்கொண்டு அரை நாள் சும்மா இருந்தோம். வாடகைப் பொருட்கள் சிலவற்றுக்குப் பற்றுச்சீட்டு கிடைக்கவில்லை. லொறிக் கூலியும், படப்பிடிப்பு முடிந்தபின் வீட்டைப் பழைய நிலைக்குக் கொண்டுவரும் செலவும் தங்கள் மதிப்பீட்டில் சேரவில்லை என்பதை இரண்டாம் நாள்தான் சொன்னார்கள்; பெரியம்மாவின் சீமெந்துத் தரையில் சிந்திய பழுப்பு வண்ணத்தை நானும் தம்பியும் குந்தியிருந்து சுரண்டினோம்.

அடுத்த படத்துக்கும் இவர்களையே அழைப்பேன். அந்த இரண்டு செலவுகளையும் எழுத்தில் வாங்கிய பிறகே முற்பணம் கொடுப்பேன்.