நாழிகைக் கிண்ணம்: மூன்று வருஷம் பயன்படுத்திய பிறகு

2022 ஆடித் தள்ளுபடியில் வாங்கியது. கும்பகோணம் போயிருந்தபோது ஒரு பாத்திரக்கடையில் குத்துவிளக்குகளுக்குப் பின்னால் துணி சுற்றி வைத்திருந்தார்கள். 11,500 ரூபாய். காலத்தை நிறுத்தும் சாமானுக்கு இது அதிகமா குறைவா என்று எனக்குத் தெரியவில்லை. வீட்டுக்காரரிடம் குத்துவிளக்கு வாங்கியதாகத்தான் ஒரு மாதம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

பழைய நாழிகை வட்டில் மாதிரிதான். அடியில் ஊசித்துளை போட்ட செப்புக் கிண்ணம். தண்ணீரில் மிதக்க விட்டால் துளை வழியே நீர் ஏறி, 24 நிமிஷத்தில் மூழ்கிவிடும். அது ஒரு நாழிகை. அப்படி 60 சேர்ந்தால் ஒரு நாள். முல்லைப்பாட்டுப் பாசறையில் அரசனுக்கு நாழிகை சொல்கிறவர்கள் நம்பியிருந்ததும் ஒரு நீர்க்கடிகாரத்தைத்தான். ஆனால் அவர்களுடையது நேரத்தைக் காட்டியதோடு சரி. இது மூழ்கி முடிக்கிற வரை, கிண்ணத்தைச் சுற்றி ஆறடிக்கு அந்தப் பக்கம் எல்லாமே நின்றுவிடுகிறது.

முதலில் ஒரு மண்டலம், அதாவது 48 நாள், பூஜையறையில் வைத்துச் சக்தி ஏற்ற வேண்டும். அப்புறம் ஒரு சூரிய உதயத்திலிருந்து அடுத்த உதயத்துக்குள் ஒரே ஒரு தடவைதான் வேலை செய்யும். கூட வந்த கையேட்டில் உதய அட்டவணை சென்னைக்குப் போட்டது. நான் கோயம்புத்தூர். இங்கே சூரியன் சுமார் 13 நிமிஷம் பிந்தித்தான் வரும். முதல் வாரம் முழுக்க, விடியற்காலையில் கிண்ணம் சும்மா மூழ்கிச் சும்மா எழுந்தது. கடைக்குப் போன் போட்டால் "நம்பிக்கையோட வைங்கம்மா" என்றார்கள். நம்பிக்கை இருந்தது, தீர்க்கரேகைதான் தப்பு.

சரி, வேலை செய்யும்போது எப்படி இருக்கும்? எங்கள் வீட்டில் நடந்ததைச் சொல்கிறேன். குக்கரை அடுப்பில் வைத்துவிட்டு, சாப்பாட்டறைத் தரையில் குண்டாவில் தண்ணீர் ஊற்றிக் கிண்ணத்தை விட்டேன். மூன்றாவது விசில் வந்துகொண்டிருந்தது, பாதியில் அறுந்தது. டியூப்லைட் அணைந்தது. மின்விசிறி இறக்கைகள் ஒவ்வொன்றாகத் தெரிந்தன. ஜன்னலில் மழைக்கு முன்பு வருமே, அந்த மாதிரி ஒரு சாம்பல் வெளிச்சம். 24 நிமிஷம் கழித்துக் கிண்ணம் 'ளொப்' என்று உள்ளே போனதும் மீதி விசில் வந்தது.

கரண்ட் வட்டத்துக்கு வெளியிலிருந்து வருவது என்பதை யாரும் விற்கும்போது சொல்வதில்லை. சித்திரை மாதம் காற்றில்லாமல் 24 நிமிஷம் உட்கார்ந்து பாருங்கள், தெரியும். சார்ஜ் போடுகிற சின்ன விசிறி ஒன்று தனியாக வாங்க வேண்டியதாயிற்று. டீ போடலாம் என்று அடுப்பை வட்டத்துக்குள் இழுத்து வைத்தால், குழாயில் இருந்த கேஸ் தீர்ந்து நொடியில் அணைந்துவிட்டது. செல்போனில் டவர் கிடைக்காது. அதன் கடிகாரம் மட்டும் ஓடி, ஊரைவிட 24 நிமிஷம் முந்தி நிற்கும், டவர் வந்ததும் தானே சரியாகிக்கொள்ளும்.

நான் பள்ளி ஆசிரியை. விடைத்தாள் திருத்தத்தான் வாங்கினேன். டார்ச் வெளிச்சத்தில் இரண்டு வாரம் திருத்திப் பார்த்துவிட்டு விட்டுவிட்டேன். இப்போது தூங்குவதற்குத்தான். காலை ஏழு மணிக்கு, எல்லாரும் என்னைக் கூப்பிட்டுக்கொண்டிருக்கும்போது, பாயை விரித்துப் படுத்து எழுந்து வந்து "என்ன?" என்று கேட்பதில் ஒரு சுகம் இருக்கிறது. அதற்கே 11,500 கொடுக்கலாம்.

தண்ணீர் விஷயம் முக்கியம். சிறுவாணித் தண்ணீர் என்றால் பிரச்சினை இல்லை. குழாயில் வராத ஒரு வாரம் போர்த் தண்ணீரை ஊற்றினேன். துளையில் உப்புப் படிந்து, கிண்ணம் மூழ்க 31 நிமிஷம் ஆனது. அட, ஏழு நிமிஷம் லாபம் என்று சந்தோஷப்பட்டேன். அடுத்த வாரம் துளை முழுக்க அடைத்துக்கொண்டு கிண்ணம் மிதந்துகொண்டே இருந்தது. என் கைக்கடிகாரத்தில் ஒன்றேகால் மணி நேரம். கடைசியில் விரலால் அமுக்கித்தான் மூழ்கடித்தேன். அந்த ஒன்றேகால் மணி நேரம் யாரிடமும் சொல்ல விரும்பாத நேரம். புளி போட்டுத் தேங்காய் நாரால் தேய்க்காதீர்கள், துளை பெரிதாகிவிடும். நான் தேய்த்தேன். சரிசெய்ய அனுப்பி, திரும்பி வர 40 நாள் ஆனது. இன்னொன்று, மார்கழியில் தண்ணீர் குளிர்ந்து கொஞ்சம் கெட்டியாகிவிடுவதால் ஓரிரு நிமிஷம் கூடக் கிடைக்கும். வெயில் காலத்தில் அதே அளவு குறையும்.

2022 அக்டோபர் 25, தீபாவளிக்கு மறுநாள், சாயங்காலம் சூரிய கிரகணம். கிரகணத்தில் வைக்கக் கூடாது என்று கையேட்டில் இருக்கிறது. நான் வைத்தேன். அத்தை பக்கத்தில் தாம்பாளத்தில் நீர் ஊற்றி உலக்கையை நிறுத்திக்கொண்டிருந்தார். உலக்கை நின்றது. கிண்ணமும் ஒரு சொட்டு ஏறாமல் நின்றது. ஊர் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. "உன்னுதும் நின்னுருச்சு பாரு கண்ணு" என்றார். அன்றைக்குத்தான் விஷயம் அவருக்குத் தெரிந்தது.

பக்கவிளைவு உண்டு. ஊர் நிற்கிறதே தவிர, உடம்பு நிற்பதில்லை. தினமும் 24 நிமிஷம் என்றால் வருஷத்துக்கு 146 மணி நேரம், மூன்று வருஷத்தில் 18 நாள். என் தங்கையைவிட இரண்டு வயது மூத்தவள் நான், இப்போது அதற்கு மேல் 18 நாள். தலைச்சாயமும் முன்பைவிடச் சீக்கிரம் வாங்க வேண்டியிருக்கிறது என்று தோன்றுகிறது. இதற்குக் கிண்ணத்தைக் குறை சொல்ல முடியுமா, தெரியவில்லை.

இப்போது முகூர்த்தக் கிண்ணம் என்று புதிதாக ஒன்று வந்திருக்கிறதாம். இரண்டு நாழிகை, 48 நிமிஷம். பழையதைக் கொடுத்து மாற்றிக்கொள்ளலாம் என்கிறார்கள். விசிறி சார்ஜ் அவ்வளவு நேரம் நிற்காது, எனக்கு வேண்டாம். அத்தைக்குத்தான் ஆசை. நான் தூங்கும்போது பக்கத்தில் உட்கார்ந்து சின்ன வெங்காயம் உரிப்பது அவர் வழக்கம். ஒரு கிலோவுக்கு 24 நிமிஷம் பத்தவில்லையாம்.