மண்டபமா, சித்திர ஆசிரியரா?

லண்டன் முதலீட்டு வங்கியிலிருந்து ஓய்வு பெற்ற சித்தப்பா கிளிநொச்சிக்கு ஏதாவது செய்யப் போகிறாராம். தான் சேர்த்த ஓவியங்களுக்கு ஒரு மண்டபமா, பள்ளிக்கூடங்களில் சித்திர ஆசிரியர்களுக்குச் சம்பளமா என்று கேட்டார்.

மண்டபத்துக்கு முன்மாதிரி உண்டு. அமெரிக்க வங்கியாளர் அன்ட்ரூ மெலன், ரஷ்யாவின் ஹெர்மிடேஜ் அருங்காட்சியகத்திலிருந்து வாங்கிய 21 ஓவியங்கள் உட்படத் தன் சேகரிப்பை நாட்டுக்கே கொடுத்தார். கட்டடக் காசும் அவருடையதுதான். 1941இல் வாஷிங்டனில் தேசிய ஓவியக்கூடம் திறந்தது. தன் பெயரை மட்டும் வைக்க விடவில்லை. (இந்த இடத்தில் சித்தப்பா கதையை மாற்றிவிட்டார்.)

சரி, வன்னி வெயிலிலும் மாரி ஈரத்திலும் கன்வஸைக் காப்பாற்ற இரவு பகலாகக் குளிரூட்டி ஓட வேண்டுமே. கரண்ட் பில்லை யார் கட்டுவது? சம்பளம் என்றால் கணக்கு லேசு. பக்கத்து வீட்டுப் பிள்ளை பழைய கலண்டரின் பின்பக்கத்தில் இரணைமடுக் குளத்தின் வான்கதவுகளைக் கீறியிருக்கிறாள், அடுப்புக் கரியால். நான் அவள் பக்கம்தான்.