கேம் மெஷினில் நெட்ஃப்ளிக்ஸ் ஓடும் என்று சொல்லி 18,500 ரூபாய் வாங்கிவிட்டார்கள், வட சென்னைக்காரர்கள் கவனம்

18,500 ரூபாய். சீட்டு எடுத்த பணம். அது திரும்பி வராது என்று இன்று மதியம் அந்தக் கடையில் என் முகத்துக்கு நேராகவே சொல்லிவிட்டார்கள். கோபம் ஆறட்டும், அப்புறம் எழுது என்று வீட்டில் சொன்னார்கள். அதற்குள் சனி, ஞாயிறு வந்துவிடும், இன்னொரு வீட்டுப் பணம் அந்தக் கல்லாவுக்குப் போய்விடும். அதனால் இப்போதே எழுதுகிறேன்.

கடையின் பெயரைப் போடவில்லை. பழைய கேம் மெஷின்களை வாங்கி விற்கிற, கூடவே ரிப்பேரும் பார்க்கிற கடை. மாடியில் இருக்கிறது, கண்ணாடிக் கதவு, உள்ளே ஏசி. வட சென்னையில்தான் இருக்கிறது. நான் எம்.சி. ரோட்டில் ஒரு துணிக்கடையில் பில்லிங் வேலை பார்க்கிறேன். வேலை முடிந்து நடந்தே போய்விடலாம், அவ்வளவு பக்கம்.

என் பையனுக்கு 15 வயது. வியாசர்பாடியில் பந்து விளையாடுகிறவன். முட்டியில் லிகமெண்ட் கிழிந்து ஸ்டான்லியில் ஆபரேஷன் ஆனது. ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. ஆனால் மாதக்கணக்கில் ஓடக்கூடாது என்று சொல்லிவிட்டார்கள். மைதானத்திலேயே கிடந்த பிள்ளை இப்போது கட்டிலில் கிடக்கிறான். கொருக்குப்பேட்டையில் எங்கள் வீடு ஒரு ஹால், ஒரு ரூம். டிவி பழைய எல்இடி, ஸ்மார்ட் டிவி இல்லை, எச்டிஎம்ஐ மட்டும் இருக்கிறது. சாயங்காலத்திலிருந்து ராத்திரி வரைக்கும் மாமியாரின் சீரியல். அந்த நேரத்தில் அவனுக்குக் கையில் வைத்துப் பார்க்க ஒன்று வேண்டும், அவர்கள் தூங்கியபிறகு அதையே டிவியில் மாட்டிப் பார்க்கவும் வேண்டும். அவன்தான் நிண்டெண்டோ ஸ்விட்ச் என்று சொன்னான். கையில் பிடித்தால் 6.2 அங்குலத் திரை, டிவியோடு இணைக்கும் டாக் என்ற ஸ்டாண்டில் செருகினால் டிவி. எங்கள் வீட்டுக்கு அளவெடுத்துச் செய்ததுபோல இருந்தது.

கடையில் இருந்தவருக்கு முப்பது வயதுக்குள் இருக்கும். நான் கேட்க வேண்டியதையெல்லாம் தெளிவாகக் கேட்டேன். "தம்பி, கேம் மட்டும் போதாது. பையன் படுத்துக்கிட்டே படம் பார்க்கணும். நெட்ஃப்ளிக்ஸ் வருமா, யூடியூப் வருமா, டிவியில தெரியுமா?" என்று ஒவ்வொன்றாகக் கேட்டேன். "எல்லாமே வரும்க்கா. ஓடிடி மொத்தமும் ஓடும். சும்மா சொல்லல, கையிலயே கொடுக்கிறேன் பாருங்க" என்றார்.

உண்மையாகவே கையில் கொடுத்தார். திரையில் போனில் இருப்பதுபோல வரிசையாக ஆப்கள். நெட்ஃப்ளிக்ஸைத் தொட்டேன், திறந்தது. படம் ஓடியது. யூடியூப் திறந்தது. டாக்கில் செருகினார், சுவரில் இருந்த பெரிய டிவியில் அதே படம் தொடர்ந்தது. அதற்கு மேல் ஒருத்தர் எதைச் சோதித்துப் பார்க்க முடியும்? கண்ணால் பார்த்தேன், என் விரலால் தொட்டேன்.

அதோடு விட்டிருந்தால்கூட யோசித்திருப்பேன். பையனுக்கு என்ன என்று விசாரித்தார். முட்டி என்றதும், தன் தம்பிக்கும் அப்படித்தான் ஆனது, ஒரு வருஷத்தில் மறுபடி ஆட ஆரம்பித்துவிட்டான், பயப்படாதீங்க என்றார். கீழே ஆள் அனுப்பி டீ வாங்கிவரச் சொன்னார். திரைக்கு ஒரு டெம்பர் கிளாஸ் ஒட்டி, ஒரு பவுச்சில் போட்டு, "இது ரெண்டுக்கும் காசு வேணாம்க்கா, தம்பிக்கு நான் கொடுத்ததா சொல்லுங்க" என்றார். பிள்ளை கட்டிலில் கிடக்கிற வீட்டுக்காரியிடம் ஒருவர் இப்படிப் பேசினால் மனசு இளகும். அந்த இளகலைத்தான் அவர் காசாக்கினார். எனக்கு வயிறு எரிவது பணத்தைவிட இதில்தான்.

மெஷினுக்கு 17,000. ஒரு வருஷத்துக்கு எல்லா ஓடிடியும் என்று ஒரு பேக்குக்கு 1,500. மொத்தம் 18,500. யூபிஐயில் அனுப்பினேன். கியூஆர் கோடு கடை பெயரில் இல்லை, யாரோ ஒருவர் பெயரில் இருந்தது. கேட்டதற்கு "மாமாவோட அக்கவுண்ட்க்கா" என்றார். பில் கேட்டேன். ஓனர் வந்ததும் வாட்ஸ்அப்பில் அனுப்புவதாகச் சொன்னார். அந்த பில் இன்றுவரை வரவில்லை.

வீட்டில் பையன் முகத்தைப் பார்க்கணுமே. அன்றைக்கு ராத்திரி முழுக்கப் பார்த்தான். ஆனால் டிவியில் மாட்டியபோது படம் மங்கலாக இருந்தது, முகங்கள் கரைந்துபோய்த் தெரிந்தன. கடைக்குப் போன் போட்டேன். "உங்க வைஃபை ஸ்லோ மேடம், ரௌட்டரை ஆஃப் பண்ணிப் போடுங்க." ஒரே நாளில் அக்கா மேடமாகிவிட்டேன். ரௌட்டரை ஆஃப் செய்து போட்டோம். படம் அதேதான்.

அடுத்து சார்ஜ் முழுக்க இறங்கி மெஷின் அணைந்துபோனது. சார்ஜ் போட்டு ஆன் செய்தால் வேறு ஒரு திரை. ஆப் வரிசையைக் காணோம். நெட்ஃப்ளிக்ஸ் இல்லை, யூடியூப் இல்லை. நிண்டெண்டோவின் ஆன்லைன் கடையைத் திறந்தால் 2124-4007 என்று ஒரு எண், இந்த மெஷினில் ஆன்லைன் சேவைகள் தடுக்கப்பட்டிருக்கின்றன என்று ஒரு செய்தி.

மறுபடி போன். "பையன் எதையோ நோண்டியிருப்பான் மேடம்." எழுந்து நிற்கவே முடியாத பிள்ளையின்மேல் பழி. நேரில் எடுத்துக்கொண்டு போனேன். கொருக்குப்பேட்டை ரயில்வே கேட் போட்டிருந்தது, ரயில் போகும்வரை வெயிலில் நின்றுவிட்டுப் போனால் டெக்னீஷியன் ரிச்சி ஸ்ட்ரீட் போயிருக்கிறார் என்றார்கள். காத்திருந்தேன். கடைசியில் எனக்கு விற்றவரே மெஷினை உள்ளே எடுத்துப்போனார், கொஞ்ச நேரத்தில் திரும்ப வந்தார். "பாருங்க, ஓடுதே!" எல்லா ஆப்பும் இருந்தன. வீட்டுக்கு வந்தேன். சார்ஜ் இறங்கியது. மறுபடி எல்லாம் போனது.

பெரம்பூரில் போன் சர்வீஸ் பார்க்கும் ஒருவர் என் தம்பிக்குப் பழக்கம். அவரிடம் கொடுத்தபோதுதான் உள்ளே என்ன செய்திருக்கிறார்கள் என்று தெரிந்தது. இதை எல்லாரும் தெரிந்துகொள்ளுங்கள்.

ஸ்விட்ச் 2017 மார்ச்சில் வெளிவந்தது. அதற்கு நெட்ஃப்ளிக்ஸ் ஆப் வரவே இல்லை. பிரைம் வீடியோவும் வரவில்லை. அந்தக் கம்பெனியின் முந்தைய மெஷின்களான வீ யூ, 3டிஎஸ் இரண்டிலும் நெட்ஃப்ளிக்ஸ் இருந்தது, அதையும் 2021-ல் நிறுத்திவிட்டார்கள். ஸ்விட்சுக்கு யூடியூப் 2018 நவம்பரில் வந்தது. அப்படியென்றால் கடையில் நான் தொட்டுப் பார்த்தது என்ன? ஆண்ட்ராய்டு. 2018 நடுப்பகுதிவரை தயாரான ஸ்விட்சுகளின் சிப்பில் ஒரு ஓட்டை இருக்கிறது, எந்த அப்டேட்டாலும் அதை அடைக்க முடியாது. வலது பக்க ஜாய்கான், அதாவது பக்கவாட்டில் மாட்டும் கண்ட்ரோலர், கழற்றும் இடத்தில் ஜிக் என்ற ஒரு சின்னத் துண்டைச் செருகி, கம்ப்யூட்டரிலிருந்தோ போனிலிருந்தோ யூஎஸ்பி வழியாக ஒரு புரோகிராமை அனுப்பினால், மெமரி கார்டில் ஏற்றிவைத்திருக்கும் ஆண்ட்ராய்டு திறக்கும். முழுக்க அணைக்காமல் ஸ்லீப்பில், அதாவது திரை மட்டும் அணைந்த நிலையில், வைத்திருக்கும்வரை அது போகாது. முழுக்க அணைந்துவிட்டால் மறுபடி ஜிக், மறுபடி கம்ப்யூட்டர். அவர் உள்ளே எடுத்துப்போய்ச் செய்துவந்தது இதைத்தான். அதை ஒரு வார்த்தை சொல்லவில்லை, ஜிக்கையும் கொடுக்கவில்லை.

படம் மங்கலானதற்கும் எங்கள் வைஃபைக்கும் சம்பந்தமே இல்லை. நெட்ஃப்ளிக்ஸ், பிரைம் மாதிரி ஆப்கள், மெஷினுக்குள் காப்பி எடுக்க முடியாத பாதுகாப்பு இருக்கிறதா என்று பார்த்துத்தான் நல்ல தரத்தில் படம் கொடுக்கும். வைட்வைன் என்று அதற்குப் பெயர். இப்படி ஏற்றிய ஆண்ட்ராய்டில் அதன் கீழ்ப்படியான எல்3 மட்டும்தான் இருக்கும், நெட்ஃப்ளிக்ஸ் 480பி என்ற குறைந்த தரத்துக்கு மேல் தராது. இதெல்லாம் தெரிந்த ஆள்தான் என்னை ரௌட்டரை ஆஃப் பண்ணிப் போடச் சொன்னார்.

2124-4007 என்பது நிண்டெண்டோ அந்த மெஷினையே தடை செய்துவிட்டது என்று அர்த்தம். உள்ளே கைவைத்த மெஷின்களை அவர்கள் அப்படித் தடுப்பார்கள். அக்கவுண்ட் மாற்றினாலும் பயனில்லை, தடை மெஷின் மேல் இருக்கிறது. நிண்டெண்டோவின் ஆன்லைன் கடையிலிருந்து யூடியூபைக்கூட இறக்க முடியாது, கேம் வாங்கவும் முடியாது. என்னிடம் விற்கும்போதே அது தடைபட்ட மெஷின். 18,500 ரூபாய் கொடுத்து நான் வாங்கியது அதைத்தான்.

அந்த 1,500 ரூபாய் பேக்கும் அதே கதை. ஏதோ ஒரு வீட்டு அக்கவுண்ட்டின் ஐடி, பாஸ்வேர்டு. என் போனில் போட்டுப் பார்த்தேன், பாஸ்வேர்டு தவறு என்று வருகிறது. ஒரு நெட்ஃப்ளிக்ஸ் கணக்கு ஒரு வீட்டுக்கு மட்டும்தான் என்று இந்தியாவில் 2023 ஜூலையிலிருந்தே விதி. அதை ஊருக்கே பிரித்து விற்கிறார்கள்.

இன்று மதியம் இதையெல்லாம் எழுதி எடுத்துக்கொண்டு போனேன். கடையில் வேறு ஆட்களும் இருந்தார்கள். "ஏம்மா, வாங்கும்போது ஓடுச்சா இல்லையா? ஓடுறத பார்த்துத்தானே வாங்குனீங்க?" என்றார். பணத்தைத் திருப்பிக் கொடு என்றேன். பழைய பொருளுக்கு ரிட்டர்ன் கிடையாதாம். அப்புறம் பெரிய மனசு பண்ணுகிறவர்போல, "எக்ஸ்சேஞ்சுல 6,000 தரேன், மேல காசு போட்டு பிஎஸ்4 எடுத்துக்கங்க, அதுல நெட்ஃப்ளிக்ஸ் ஓடும்" என்றார். என்னிடம் 17,000-க்கு விற்ற பொருள் என் கைக்கு வந்ததும் 6,000. பிஎஸ்4 என்றால் பிளேஸ்டேஷன் 4, இன்னொரு கேம் மெஷின். எந்த பிஎஸ்4 என்று கேட்டேன். முப்பது கேம் உள்ளே போட்டது, ஜெயில்பிரேக் பண்ணியது (கம்பெனி போட்ட பூட்டை உடைத்தது) என்று காட்டினார். நல்லவேளை, பெரம்பூர்க்காரர் அதையும் சொல்லியிருந்தார். ஜெயில்பிரேக் பண்ணிய பிஎஸ்4 பழைய சாஃப்ட்வேரிலேயே நிற்கவேண்டும், பிளேஸ்டேஷன் கணக்கில் உள்ளே போக முடியாது, அதனால் நெட்ஃப்ளிக்ஸும் வேலை செய்யாது. ஏமாற்றிய பொருளுக்குப் பதிலாக இன்னொரு ஏமாற்று. நான் கீழே இறங்கி மெசேஜ் போட்டேன், ஒற்றை டிக்கோடு நிற்கிறது. பிளாக் செய்துவிட்டார் போலிருக்கிறது.

வாங்கப்போகிறவர்களுக்கு விவரமாக எழுதவேண்டும் என்றுதான் உட்கார்ந்தேன், இப்போது அவசரமானதை மட்டும் சொல்கிறேன். ஸ்விட்சில் நெட்ஃப்ளிக்ஸ் ஓடும் என்று யார் சொன்னாலும் அங்கேயே எழுந்து வந்துவிடுங்கள். எந்தப் பழைய மெஷினையும் கடையில் முழுக்க அணைக்கச் சொல்லுங்கள், ஸ்லீப் இல்லை, முழுக்க. நீங்களே ஆன் செய்யுங்கள். உங்கள் போனின் ஹாட்ஸ்பாட்டில், உங்கள் அக்கவுண்ட்டில், கம்பெனியின் ஆன்லைன் கடையைத் திறந்து ஏதாவது ஒரு இலவச ஆப்பை இறக்கிப் பாருங்கள். இறங்கவில்லை என்றால் வேண்டாம். ஜெயில்பிரேக் செய்யாத பிஎஸ்4, பிஎஸ்5, எக்ஸ்பாக்ஸ் ஒன் இவற்றில் நெட்ஃப்ளிக்ஸ், பிரைம், யூடியூப் ஆப்களை இலவசமாகவே இறக்கலாம், சந்தா மட்டும் உங்களுடையது. நெட்ஃப்ளிக்ஸின் மொபைல் திட்டம் போனுக்கும் டேப்லெட்டுக்கும் மட்டும்தான், மெஷினில் வராது. கடை பெயரில் இல்லாத கியூஆருக்குப் பணம் அனுப்பாதீர்கள், பில் கைக்கு வந்தபிறகு பணம்.

தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-ல் புகார் பதிந்துவிட்டேன், தமிழிலேயே பேசலாம். யூபிஐ ரசீது, வாட்ஸ்அப் பேச்சு, 2124-4007 திரையின் போட்டோ எல்லாம் எடுத்துவைத்திருக்கிறேன். அதிலும் பணம் வரவில்லை என்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையம். 5 லட்சம் வரை கொடுத்து வாங்கிய பொருளுக்கு அங்கே கட்டணம் கிடையாது. 18,500 ரூபாயை நான் விடப்போவதில்லை. வட சென்னையில் மாடிக் கடையில் இதேபோல ஆண்ட்ராய்டு ஏற்றிய ஸ்விட்ச் வாங்கியவர்கள் யாராவது இருந்தால், கடை பெயரைப் பொதுவில் போடாமல் எனக்குத் தனியாக எழுதுங்கள். எல்லாரும் சேர்ந்தே புகார் கொடுக்கலாம்.