ரெட் ஓக் விக்டரி: என்ஜின் ரூமுக்காகவே போகலாம்

நான் கப்பல் என்ஜின் ரூமில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். கலிஃபோர்னியாவின் ரிச்மண்ட் துறைமுகத்தில் அருங்காட்சியகமாக நிற்கும் ரெட் ஓக் விக்டரிக்குப் போகிறவர்களுக்கு ஒன்று சொல்வேன்: பீரங்கிகளைப் பார்த்த கையோடு இறங்கிவிடாதீர்கள். இது சண்டை போட்ட கப்பல் இல்லை, சுமை தூக்கிய கப்பல்.

இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் ரிச்மண்டின் கைசர் கப்பல் கட்டும் தளங்கள் கட்டிய 747 கப்பல்களில் இதுவும் ஒன்று. 1944 நவம்பர் 9 அன்று தண்ணீரில் இறங்கியது. டிசம்பர் 5 அன்று அமெரிக்கக் கடற்படையில் சேர்ந்து ஏகே-235 என்ற எண்ணைப் பெற்றது. ஜனவரியில் சான் பிரான்சிஸ்கோவிலிருந்து பேர்ல் ஹார்பர், பசிபிக் பவளத்தீவான எனிவெடாக், அப்புறம் இன்னொரு பவளத்தீவான உலித்தி. அந்தப் பவளத்தீவுக் காயலில் நங்கூரம் போட்டு, போர்க்கப்பல்களுக்கு வெடிமருந்து எடுத்துக் கொடுத்தது.

அந்தச் சரக்கு எப்படிப்பட்டது என்பதற்குத் தூரம் போக வேண்டாம். இதே சான் பிரான்சிஸ்கோ வளைகுடாப் பகுதியில் உள்ள போர்ட் சிகாகோவில், 1944 ஜூலை 17 இரவு, வெடிமருந்து ஏற்றும்போது நடந்த வெடிப்பில் 320 பேர் இறந்தார்கள். அங்கே சிதறிய இரண்டு கப்பல்களில் குவினால்ட் விக்டரி இதே விக்டரி வகைச் சரக்குக் கப்பல். அது நடந்து நான்கு மாதத்துக்குள் கட்டி இறக்கிய இந்தக் கப்பல், அதே சரக்கைக் கையாண்டும் ஓர் உயிர்கூடப் போகவில்லை. இதைவிடப் பெரிய பெருமை ஒரு சரக்குக் கப்பலுக்கு என்ன வேண்டும்?

மேல்தளத்தில் வின்ச், அதாவது கம்பி சுருட்டும் இயந்திரத்தின் பக்கத்தில் நின்று அண்ணாந்து பாருங்கள். சரக்குத் தூக்கும் கைமரங்களான இரண்டு டெரிக்குகளின் கம்பிகளும் ஒரே கொக்கியில் வந்து சேரும். சுமையை நகர்த்த ஒன்றைச் சுருட்டும்போது மற்றதை அதே அளவுக்குத் தளர்த்திக்கொண்டே வர வேண்டும். கொஞ்சம் பிசகினாலும் சுமை ஊசலாடும். கொக்கியில் தொங்கிய சரக்கு வலையில் இருந்தது பீரங்கிக் குண்டு என்று நினைத்துப் பார்த்தால்தான் வின்ச்காரனின் கைப்பக்குவம் புரியும்.

சரி, என்ஜின் ரூம். விக்டரி வகைக்கு முன் வந்த லிபர்ட்டி வகைச் சரக்குக் கப்பல்களில் 2500 குதிரைத்திறன் பிஸ்டன் நீராவி என்ஜின். மணிக்கு 11 கடல் மைலுக்கு மேல் ஓடாது. இதில் 6000 குதிரைத்திறன் டர்பைன், அதாவது நீராவி மோதிச் சுழலும் இயந்திரம். மணிக்கு 15 கடல் மைலைத் தாண்டும். நீர்மூழ்கிகள் திரியும் கடலில் அந்த வித்தியாசம் உயிர் காக்கும். உயரழுத்த டர்பைனும் தாழ்வழுத்த டர்பைனும் பக்கம் பக்கமாக இருக்கும். அவற்றின் பின்னால் பெரிய கியர் பெட்டி. நிமிடத்துக்குப் பல ஆயிரம் சுற்றும் டர்பைனை, புரொப்பல்லருக்கு ஏற்ற நூறு சுற்றுக்கு இறக்குவது அதுதான். முன்னே போக ஒரு வால்வுச் சக்கரம், பின்னே போக இன்னொன்று. அதன் முன் நின்றதும் என் கை தானாகவே நீண்டது.

1946இல் கடற்படை விடுவித்த பிறகு வணிகக் கப்பலாக ஓடியது. வியட்நாம் போருக்கும் சரக்கு சுமந்தது. 1968 முதல் சுயிசுன் வளைகுடாவில் முப்பது ஆண்டு சும்மா கிடந்தது. 1998இல் ரிச்மண்ட் அருங்காட்சியகத்தார் பொறுப்பேற்றுக்கொண்டார்கள். அன்றிலிருந்து துரு சுரண்டி, பெயின்ட் அடித்து உயிர் கொடுத்தவர்கள் தன்னார்வலர்கள். என் கணக்கில் ஐந்துக்கு ஐந்து அவர்களுக்காகவே.

என்ஜின் ரூம் ஏணிகள் செங்குத்தானவை. மூட்டுவலிக்காரர்கள் மேல்தளத்தோடு நிறுத்திக்கொள்ளலாம். மற்றவர்கள் பிடிமானமான ஷூ போட்டுக்கொண்டு, விவரம் தெரிந்த தன்னார்வலர் ஒருவரோடு இறங்குங்கள்.