தாரமங்கலம் முகாமில் ஞாயிறு கூடல்: போகலாமா?

தாரமங்கலம் பக்கத்து இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாமில் ஒரு தொண்டு அமைப்பு பெண்களுக்காக ஞாயிறுதோறும் நடத்தும் மனநலக் கூடலுக்குக் கட்டணம் கிடையாது. பாய் விரித்து 10 பேர் வரை உட்காருகிறார்கள், ஒன்றரை மணி நேரம்.

முதல் 3 வாரம் போர்ப் பேச்சையே எடுப்பதில்லை. அது சரியான முறை. எடுத்த எடுப்பில் கிளறினால் அன்றிரவு தூக்கம் போகும், அடுத்த வாரம் ஆள் வரமாட்டார். அதனால் மூச்சில் தொடங்குகிறார்கள்: 4 எண்ணி இழுத்து 6 எண்ணி விடுவது. தலை சுற்றினால் வேகமாக இழுக்கிறார் என்று அர்த்தம். கல்குவாரி வெடிச் சத்தத்தில் உடம்பு பதறினால், கண்ணில் படும் 5 பொருளைப் பெயர் சொல்லி எண்ணச் சொல்கிறார்கள்.

காணாமல் ஆக்கப்பட்டவர்களின் மனைவிமார்தான் இங்கே அதிகம் பயன்பெறுவது. 2009-இல் போர் முடிந்தும் கணவர் கதி தெரியாதவர், பொட்டு வைத்தாலும் ஊர் பேசும், வைக்காவிட்டாலும் பேசும். அதற்காகவே வாசலில் குங்குமத் தட்டு வைப்பதில்லை. ஆண்டு விழாவில் மட்டும் விளக்கேற்ற "சுமங்கலிங்க வாங்க" என்று மைக்கில் கூப்பிட்டார்கள். பின்வரிசையில் சிலர் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்கள்.

இறப்புச் சான்றிதழ் வாங்கினால் தன் கையாலேயே அவரைச் சாகடித்ததாகிவிடும் என்று தவிப்பவர்களுக்கு, இலங்கையின் 2016 சட்டப்படி ஆளைக் காணவில்லை என்றே சான்றிதழ் வாங்கலாம் என்று பொறுமையாக விளக்குகிறார்கள். ஆனால் "திதி கொடுத்துடுங்க, மனசு ஆறும்" என்று அவசரப்படுத்தும் தன்னார்வலர்களும் உண்டு. இறந்த நாள் தெரியாதவர்களுக்கு மகாளய அமாவாசை இருக்கிறதுதான். கொடுப்பதா வேண்டாமா என்பது அந்தப் பெண்ணின் முடிவு.

குறை இருப்பது மாத்திரை விஷயத்தில். சேலம் அரசு மருத்துவமனைக்குச் சீட்டு எழுதித் தருவதோடு சரி, அப்புறம் விசாரிப்பதில்லை. மனச்சோர்வு மாத்திரை நன்றாகக் கேட்க 4 முதல் 6 வாரம் ஆகும். இதை யாரும் சொல்லாததால் பத்தே நாளில் நிறுத்திவிடுகிறார்கள். 'பைத்தியம்' என்ற பேச்சுக்குப் பயந்து சீட்டையே ஒளித்து வைப்பவர்கள் 14416-ஐக் கூப்பிடலாம்: டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண், இலவசம், தமிழில் பேசுவார்கள்.

கூடத்தின் தடுப்பு வெறும் தகரம். பாலியல் கொடுமை பற்றிப் பேச வேண்டியவர்கள் இங்கே வாய் திறக்க வேண்டாம், தனிச் சந்திப்பு கேட்டு வாங்குங்கள். ஆண்களுக்கு இங்கே இப்போதைக்கு எதுவும் இல்லை.