டிஎல்எல் ஃபைலைத் தேடி டவுன்லோட் செய்யாதீர்கள்: நான் மாட்டிய கதை

புது போட்டோ எடிட்டர் ஒன்றை இன்ஸ்டால் செய்து திறந்தால், ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல் கிடைக்கவில்லை’ என்று ஒரு பெட்டி. டிஎல்எல் என்பது ப்ரோகிராம்கள் ஓடும்போது ஏற்றிக்கொள்ளும் துணைக் கோப்பு. அந்தப் பெயரை அப்படியே தேடலில் போட்டேன். தப்பு அங்கேயே ஆரம்பித்துவிட்டது.

முதலில் வந்தது டிஎல்எல் கோப்புகளை உதிரி உதிரியாகக் கொடுக்கும் ஒரு தளம். 32 பிட், 64 பிட் என்று இரண்டு பட்டன். சிஸ்டம்32 ஃபோல்டரில் போடவும் என்று ஒரு குறிப்பு. பெயரிலேயே 32 இருக்கிறதே என்று 32 பிட் கோப்பை எடுத்துப் போட்டேன். அட்மின் அனுமதி கேட்டது, யோசிக்காமல் கொடுத்தேன்.

பழைய பெட்டி போய்ப் புதுப் பெட்டி வந்தது. ‘சரியாகத் தொடங்க முடியவில்லை’, கூடவே 7பி என்று முடியும் நீளமான பிழை எண். காரணம் பிறகுதான் தெரிந்தது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32-க்குள் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64-ல். தலைகீழ்தான், பெயர் வைத்தவரைக் கும்பிட வேண்டும். 64 பிட் ப்ரோகிராம் 32 பிட் டிஎல்எல்லை ஏற்றவே ஏற்றாது.

அந்தத் தளமே அடுத்த வழியையும் காட்டியது: எல்லா டிஎல்எல் பிழைகளையும் ஒரே கிளிக்கில் சரிசெய்யும் கருவி. ஸ்கேன் இலவசம். பட்டை ஓடி முடிந்ததும் சிவப்பு எழுத்தில் 412 பிழைகள். அதில் 300-க்கு மேல் ‘பகிர்ந்த டிஎல்எல் பிழை’ என்ற தலைப்பில். சரிசெய்ய வேண்டுமானால் சந்தா. பயந்துபோய் கார்டு எண்ணைக் கொடுத்தேன். ‘எல்லாம் சரி’ என்று பச்சை டிக் விழுந்தது. எடிட்டர் மட்டும் திறக்கவில்லை. பணத்தைத் திருப்பிக் கேட்டால், சேவை வழங்கப்பட்டுவிட்டது என்று ஒரு வரிப் பதில்.

அந்த 300 என்னவென்று பார்த்தால் சிரிப்பு வருகிறது. ஒரே டிஎல்எல்லைப் பல ப்ரோகிராம்கள் பயன்படுத்தும்போது, எத்தனை பேர் அதை நம்பி இருக்கிறார்கள் என்று ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸ் தன் அமைப்புகளைச் சேமிக்கும் இடம்) ஓர் எண்ணிக்கை இருக்கும். ஒரு ப்ரோகிராமை நீக்கும்போது அது ஒன்று குறையும். பூஜ்யம் ஆனால்தான் கோப்பை எடுக்கலாம். சில ப்ரோகிராம்கள் போகும்போது கோப்பை எடுத்துவிட்டு இந்தக் கணக்கை மட்டும் அழிக்காமல் விட்டுவிடும். இல்லாத கோப்புக்கு ஒரு வரி மிச்சம், அவ்வளவுதான். கணினிக்கு அதனால் ஒன்றும் ஆகாது. அந்த வரிகளைத்தான் ‘பிழை’ என்று எண்ணிக் காட்டி என்னிடம் காசு வாங்கினார்கள்.

விண்டோஸ் கோப்புகளைச் சோதித்துச் சரிசெய்யும் அதன் சொந்தக் கருவியான எஸ்எஃப்சியை ஓட்டிப் பார்த்தேன். ஒரு குறையும் இல்லை என்றது! குழம்பிப்போய்த் துருவியபோதுதான் நான் முதலில் கேட்டிருக்க வேண்டிய கேள்வி பிடிபட்டது: இந்த டிஎல்எல் யாருடையது? கெர்னல்32, என்டிடிஎல்எல் போன்றவை விண்டோஸின் சொந்தக் கோப்புகள். எஸ்எஃப்சி சோதிப்பது இவற்றைத்தான். இவை கெட்டால் எஸ்எஃப்சி, டிஸ்ம் (விண்டோஸோடு வரும் இன்னொரு பழுதுபார்க்கும் கருவி) இரண்டும் போதும். எம்எஸ்விசிபி, விசிரன்டைம் என்று தொடங்குபவை விஷுவல் சி++ ரன்டைமை, அதாவது அதில் எழுதிய ப்ரோகிராம்கள் ஓடத் தேவையான தொகுப்பைச் சேர்ந்தவை. பெயரில் 140 இருந்தால் 2015 முதல் வந்த தொகுப்பு. டி3டிஎக்ஸ்9 என்று தொடங்கினால் பழைய டைரக்ட்எக்ஸ், அதாவது கேம்களுக்கான கிராஃபிக்ஸ் தொகுப்பு. அதற்கு 2010 ஜூன் தொகுப்பு இருக்கிறது. ரன்டைம், டைரக்ட்எக்ஸ் இரண்டையும் மைக்ரோசாஃப்டே இலவசமாகத் தருகிறது. இவை எதிலும் சேராமல் ப்ரோகிராமின் ஃபோல்டருக்குள்ளேயே இருப்பது அந்த ப்ரோகிராமின் சொந்தக் கோப்பு. ப்ரோகிராமைத் திரும்ப இன்ஸ்டால் செய்தாலே வந்துவிடும்.

நான் போட்ட கோப்பை ரைட் கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸ் பார்த்தேன். டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ் (கோப்பைத் தந்தது யார் என்று உறுதிசெய்யும் கையொப்பம்) என்ற தாவலே இல்லை. மைக்ரோசாஃப்ட் தரும் ரன்டைம் கோப்பில் அது இருக்கும். (விண்டோஸின் சொந்தக் கோப்புகள் சிலவற்றில் இருக்காது; அவற்றின் கையொப்பம் கேட்டலாக் என்ற தனிக் கோப்பில் இருக்கிறது, பதற வேண்டாம்.) ஒரு டிஎல்எல்லை எந்த ப்ரோகிராம் ஏற்றுகிறதோ, அந்த ப்ரோகிராமின் உரிமைகள் அத்தனையும் டிஎல்எல்லுக்கும் கிடைக்கும். யார் எழுதினார்கள் என்றே தெரியாத ஒன்றை நானே அட்மின் அனுமதி கொடுத்து வீட்டுக்குள் கூட்டி வந்திருக்கிறேன்.

அதை அழித்துவிட்டு, ரன்டைம் தொகுப்பின் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் மைக்ரோசாஃப்டிலிருந்தே எடுத்துப் போட்டேன். 64 பிட் விண்டோஸானாலும் 32 பிட் ப்ரோகிராம்களுக்காக இரண்டும் வேண்டும். ஐந்து நிமிட வேலை, எடிட்டர் திறந்துவிட்டது. ஆனாலும் மனசு கேட்காமல், முழு ஸ்கேன் ஓட்டி, பாஸ்வேர்டுகளை வேறு கணினியிலிருந்து மாற்றி, கார்டையும் முடக்கினேன். சந்தா தானாகவே புதுப்பிக்கப்படும் என்று எங்கோ பொடி எழுத்தில் இருந்ததாம்.

அந்தக் கருவியை நீக்கி மூன்று வாரம் ஆகிறது. நேற்றும் மெயில் வந்தது: உங்கள் கணினியில் புதிதாக 17 பிழைகள்.